நாளொன்றுக்கு ஒரு சொல்

மேடை விளிம்பில் ஆமை ஓடு போல ஒரு மூடி.
அதற்குக் கீழே, முக்காலியில், நான்.
வசனம் எடுத்துக் கொடுப்பவள்.
கண் பிரதியில் இருக்கும், நிமிர்ந்தால் காலணிகள்.
ஹெதேனி லொரின்ட்ஸை நான் அறிந்தது
கணுக்கால் வரைக்கும்தான்.

ஐம்பத்தொன்பதில் முதல் வேடம், தட்டேந்தி.
இரவல் காலணி, ஒரு எண் பெரியது,
குதிகாலில் செய்தித்தாள் மடித்துச் செருகியிருந்தான்.
அறுபத்தாறில் இளவரசன்.
காதலைச் சொல்லும்போது
இடது பெருவிரல் உள்ளே மடங்கித்
தோலில் சுருக்கம் விழும்.
முன்வரிசைகூட அதைப் பார்த்ததில்லை.

பிறகு புடாபெஸ்டிலிருந்து கார் வந்தது.
படத்தில் ரயில்வே காவலாளி.
கொடியசைக்கிறான், வண்டி போய்விடுகிறது,
திரை நிறைய முகம்.
சோல்னோக் கொட்டகையில் மூன்று தடவை பார்த்தேன்.
ஒரு தடவையும் காலைக் காட்டவில்லை.
யாரோ போலிருந்தது.

அப்புறம் சனிக்கிழமை இரவுகளில்
தொலைக்காட்சியில் ஓர் இத்தாலியத் துப்பறிவாளனுக்கு
இவன் குரல், பதினோரு ஆண்டு.
சந்தையில் முட்டைக்கோஸ் ஊறுகாய்க்காரி
முகத்தைப் பார்த்து முழு விலை சொன்னாளாம்.
"அரைக் கிலோ போதும்" என்று வாய் திறந்ததும்
அள்ளி அள்ளிப் போட்டாளாம்,
கொலைகாரன் யாரென்று மட்டும் சொல்லிவிட்டுப் போ!

எழுபத்தெட்டில் புது இயக்குநர்.
எல்லாருக்கும்தான் மனப்பாடமாயிற்றே,
இந்தப் பொந்து எதற்கு,
பலகை அடித்துவிடலாம் என்றார்.
அன்றிரவு மூன்றாம் அங்கத்தில்
இருபது வருடம் இடறாத நாக்கு
இடறியது.
"சாவி" என்றேன்.
"சாவி" என்றான், நல்லவேளை என்பது போல.
மறுநாள் "மழை". அதற்கு மறுநாள் "தங்கை".
எந்த இடத்தில் என்று எனக்கும் தெரியாது.
தூங்கக் கூடாதல்லவா நான்.

பலகை வரவில்லை.
நாங்கள் இதைப் பேசிக்கொண்டதும் இல்லை.
என் பெயர்நாளில் மட்டும்
மூடியின்மேல் ஓர் எலுமிச்சை மிட்டாய் இருக்கும்.

தொண்ணூற்று மூன்று, மார்ச்.
டிஸா நதியில் பனி உடைந்துகொண்டிருந்த வாரம்.
கிழவன் வேடம், கம்பளிக் காலணி,
மகளிடம் பேசும் நீண்ட பேச்சு.
நடுவில் நின்றான்.
ஓ, இன்றைக்கு இது, என்று சிரித்துக்கொண்டேன்.
"வாசல்."
எடுத்துக்கொள்ளவில்லை.
"வாசல்."
குனிந்தான். முப்பத்துநாலு ஆண்டில்
முதல்முறையாக அவன் முகம் என் பொந்துக்குள் வந்தது.
யாருடைய வீடு இது, இபோயா,
என்று கேட்டது.

வரி வரியாக ஊட்டினேன்,
மிச்சப் பேச்சு முழுவதையும்.
நான் மூச்சு வாங்கிய இடத்தில்
அவனும் வாங்கினான்.

மறுநாள் பத்திரிகை எழுதியது,
அந்த மௌனம்! ஹெதேனி தொட்ட உச்சம்.
வெட்டி வைத்திருக்கிறேன்.
பெயரில் ஓர் எழுத்துப் பிழை.
அவர்கள் உச்சம் என்பது
ஒரு சொல் போதுமென்று நம்பி
நான் சிரித்துக்கொண்டிருந்த
அந்த நாலு நொடி.