மீதி பூச்சியம்

இரவு இரண்டு நாற்பது.
நெடுந்தீவு இணைப்பின் பிழைக் கணக்கு
நானூற்றுப் பதினொன்றில் நின்றது.
தேத்தண்ணி ஊற்றிக்கொண்டு திரும்பினேன்,
ஆயிரத்தைத் தாண்டிவிட்டது.

கொழும்பிலிருந்து கேட்கிறார்கள்: அங்கே புயலோ?
புயலடித்தால் நல்லது, ஐயா.
சோளகம் எழும்பிவிட்டால் இந்தத் திரை முழுக்கப் பச்சை.
இது சித்திரைக் கடல்,
ஒரு சுருக்கம் இல்லாமல் விரித்துப் போட்டதுபோல் கிடக்கிறது.
கோபுரத்திலிருந்து புறப்படும் அலை
நேரே ஒரு முறையும்
தண்ணீரில் பட்டுத் தெறித்து இன்னொரு முறையும்
ஒரே சொல்லைக் கொண்டுபோகிறது,
மயிரிழை பிந்தி.
போய்ச் சேரும் இடத்தில்
தன்னைத் தானே அழித்துக்கொள்கிறது.
அறிக்கையில் இதை எழுத ஒரு பெட்டி இல்லை.
'காலநிலை' என்று நிரப்பினேன்.

ஒவ்வொரு பொதியின் வாலிலும் முப்பத்திரண்டு பிட்.
அனுப்புகிறவன் முழுவதையும் ஒரே எண்ணாய் எடுத்து
முன்பே பேசி வைத்த ஒன்றால் வகுத்து
வந்த மிச்சத்தைக் கட்டி விடுகிறான்.
வாங்குகிறவன் திரும்ப வகுக்கிறான்.
மீதி பூச்சியமென்றால் உள்ளே வா.
இல்லையென்றால் வாசலிலேயே போட்டுவிடு.
காரணம் கேளாதே, திருத்தப் பாராதே.
பிந்தினால் பிந்தட்டும், மறுபடி வரும்.

குறிகாட்டுவானில் தலை எண்ணுகிறவனும்
கிட்டத்தட்ட இதே உத்தியோகம்தான்.
ஏறும்போது எண்பத்தேழு, இறங்கும்போது எண்பத்தேழு.
நடுவில் ஒருவர் குதித்து
வேறொருவர் நீந்தி ஏறியிருந்தாலும்
கணக்குச் சரி, படகு போகலாம்.
முப்பத்திரண்டு பிட் அவனைவிடக் கெட்டி.
அதையும் ஏமாற்றலாம்,
நானூற்றுச் சொச்சம் கோடியில் ஒரு தடவை.

மூன்று மணிக்குக் கடல் ஒரு சாண் இறங்கியது.
கணக்கு நின்றது.
றெஜினோல்ட் எடுத்தார்.
தீவு ஆசுப்பத்திரியில் அவருக்கும் இரவு வேலை.
எங்கள் குரலும் இந்தத் தண்ணீருக்கு மேலால்தான்,
இருபது மில்லிசெக்கன் துண்டுகளாய்,
யாரோ ஒருவரின் இரத்தப் பரிசோதனை முடிவோடும்
நித்திரை கொள்ளாத பெடியன் பார்க்கும் கிரிக்கெட்டோடும்.

சாப்பிட்டீங்களோ?
ஓம். நீர்?
ஓம்.

மேசையில் இடியப்பப் பார்சல்,
நூல்கூட அவிழ்க்கவில்லை.
அந்த மேசையில் என்ன கிடக்கிறதோ.

இஞ்ச எல்லாம் அமைதி, என்கிறார்.

திரையைப் பார்க்கிறேன்.
ஒரு பொதியும் விழவில்லை.
மீதி பூச்சியம், மீதி பூச்சியம், மீதி பூச்சியம்.
அனுப்பியதுதான் வந்திருக்கிறது,
அதற்கு மட்டும்தான் இந்தக் கணக்குக் கையெழுத்து வைக்கும்.
அனுப்பியவர் என்னத்தை விழுங்கிவிட்டு அனுப்பினார்
என்பது அதன் வேலையில்லை.
இரண்டு பொய்கள் எதிரெதிரே வந்து
கடலுக்கு நடுவில் சரியாய்ப் பொருந்தியதும்
அதற்குத் தெரியாது.

குரல் அவ்வளவு தெளிவு.
பின்னால் சுவர்க் காற்றாடி
ஒரு சுற்றுக்கு ஒரு தரம் தட்டுவதுகூடக் கேட்டது.
இருந்தும் சொன்னேன்:
விட்டுவிட்டுக் கேக்குது. திருப்பிச் சொல்லுங்கோ.

ஒன்றும் வரவில்லை.
அறுந்ததோ என்று விளக்கைப் பார்த்தேன். பச்சை.
காற்றாடி தட்டியது. மறுபடி தட்டியது.
கதிரை இழுபடும் சத்தம்.

அந்தப் பிள்ளைத்தாச்சி, என்று தொடங்கினார்.
ஏழு மாசம்தான்.
படகு விடியத்தான் வருமாம்.