மாலை போட்ட படம்

மெட்ராஸிலிருந்து வந்த குழந்தைக்கு அன்று காய்ச்சல்.
அணையில் லஸ்கர் வேலை பார்த்த அப்பாவுக்குப் பின்னால்
எண்ணெய் வழியும் தலையோடு நின்றிருந்தேன்.
"இந்தப் பொண்ணு தண்ணிக்குப் பயப்படுமா?"
என்று கேட்டார் தொப்பி போட்டவர்.
பேரை யாரும் கேட்கவில்லை.

முதல் நாள் பட்டாம்பூச்சி பிடித்தேன்.
நூலில் கட்டிய காகிதம் அது.
இரண்டாம் நாள் செத்தேன்.
முழங்கால் தண்ணீர்தான், மூன்று டேக்.
கதாநாயகி என்னை மடியில் போட்டு அழுதபோது
கிளிசரின் கண்ணீர் ஒரு சொட்டு
காதுக்குள் இறங்கிக் குறுகுறுத்தது.
சிரிக்காமல் கிடந்தேன்.
நடிப்பென்று நான் செய்தது அதுதான்.

சாயங்காலம் கிருஷ்ணகிரி ரவுண்டானா பக்கம்
ஸ்டூடியோ ஸ்டூலில் உட்கார வைத்தார்கள்.
"சிரிம்மா" என்றார் போட்டோக்காரர்.
"ரொம்ப வேணாங்க, செத்த பிள்ளை" என்றார்
கூட வந்த உதவி இயக்குநர்.
இரண்டுக்கும் நடுவில் எங்கோ வாயை நிறுத்தினேன்.
இன்றைக்கும், ஆதாருக்குக்கூட,
அங்கேதான் வந்து நிற்கிறது.

சம்பளம் நூற்றைம்பது. ஒரு மஞ்சள் கவுன்.

காவேரிப்பட்டணம் கொட்டகையில்
குடும்பத்தோடு தரை டிக்கெட்.
டைட்டிலில் 'பேபி சர்குணா' என்று போட்டிருந்தான்.
என் பேர் சற்குணம்.
பன்னிரண்டாவது நிமிஷத்தில் முடிந்துபோனேன்.
மிச்சம் இரண்டு மணி நேரமும்
சுவரில் என் படம்,
சந்தனப் பொட்டு, பிளாஸ்டிக் மாலை,
விட்டு விட்டு எரியும் சிவப்பு பல்பு.
அண்ணன்காரன் என்னைப் பார்த்துச் சபதம் போட்டான்.
கல்யாணப் பத்திரிகையை என் முன்னால்தான் முதலில் வைத்தார்கள்.
வில்லன்கூட என்னைப் பார்த்துத் திருந்தினான்.
கொட்டகையே மூக்கைச் சிந்தியது.
அம்மா மட்டும் எழுந்து
என் மணிக்கட்டைப் பிடித்து வெளியே இழுத்து வந்தாள்.
ராத்திரி உப்பும் மிளகாயும் அடுப்பில் வெடித்தன.
மூன்று மயானக் கொள்ளைக்கு
அங்காளம்மனிடம் என்னை நேர்ந்துகொண்டாள்.
"உசுரோட இருக்கிற பிள்ளைக்கு மாலை போட்ட கை
விளங்குமா?" என்பாள், சோறு போடும்போதுகூட.

மறு வருஷம் தீபாவளிக்கு வேறொரு படம்.
வேறு அப்பா, வேறு அம்மா, வேறு வீடு.
சுவரில் நான்.
அதற்கடுத்த வருஷமும் நானே,
இந்தத் தடவை வில்லனுக்கு மகள்.
கம்பெனியின் சாமான் அறையில்
பித்தளைக் குத்துவிளக்கு, ரப்பர் பாம்புகளோடு
மாலை போட்டபடியே இருந்திருக்கிறேன்.
மூன்றாவதில் வீட்டைக் கொளுத்தினார்கள்.
கண்ணாடி விரிந்து, மாலை உருகி,
கன்னத்தில் தொடங்கிச் சுருண்டேன்.
அத்தோடு என் சினிமா முடிந்தது.

அப்பா லீவு போட்டு
பாக்கிச் சம்பளம் கேட்க வடபழனி போனார்.
மேனேஜர் நல்ல மனுஷன், காபி வாங்கிக் கொடுத்தாராம்.
"ஆளு நடிச்சா சம்பளம் உண்டு.
இது படம்தானே நடிச்சிருக்கு?
படத்துல படம் நடிச்சா
நான் எந்தக் கணக்குல எழுதறது, சொல்லுங்க?"
அப்பாவுக்கு அது நியாயமாகத்தான் பட்டது.
சட்டமாவது கிடைக்குமா என்று கேட்டாராம்.
எரிந்துபோச்சு என்றதும்
அடுத்த பஸ்ஸில் ஏறிவிட்டார்.
அம்மா அன்றைக்குப் பாயசம் வைத்தாள்,
என்ன விசேஷம் என்று சொல்லாமல்.

இப்போது சீசனுக்கு மாங்கூழ் ஆலையில் இருக்கிறேன்.
தலையில் வலை, வாயில் துணி, கண் மட்டும் வெளியே.
போன செவ்வாய், கேன்டீன் டிவியில்
மத்தியானப் படம் ஓடியது.
பர்கூரிலிருந்து புதிதாய்ச் சேர்ந்த பெண்,
புளிச்சோற்றுக் கையை அப்படியே நிறுத்தி,
"அக்கா, இது நிஜமாவே
செத்துப்போன பிள்ளையோட போட்டோவா இருக்குமா?
முகத்தைப் பாரேன்" என்றாள்.

இருக்கும் என்றேன்.

மணி அடித்தது.
வாசலில் பெங்களூரா லாரி நாலு.
கடைசி லாரியில்
தார்ப்பாய்கூட இன்னும் அவிழ்க்கவில்லை.