இல்லை என்று குறிக்கும் வேலை

முள்ளியாற்றின் இரு பக்கமும்
நாற்பத்தொரு ஊர் எனக்கு.
ஊருக்குப் பத்து வீடு. வீட்டுக்கு வீடு ஒரே படம்:
கைக்குள் அடங்கும் உடம்பு, கூர்மூக்கு,
வெளுத்த நெற்றி, முதுகெல்லாம் முள்.
இதைப் பார்த்திருக்கிறீர்களா?
ஆம், இல்லை, தெரியாது.
மூன்று கட்டம், ஒரு நீலப் பேனா.

வைரக்கண்ணு படத்தைத் தலைகீழாய்ப் பிடித்து
"பன்னிக்குட்டியா?" என்றார்.
முள்ளம்பன்றி வேறு, இது முள்ளெலி என்றேன்.
"எலியா? அதுக்கேன் படம்?
வரப்பு வளைய வெட்டிப் பாருங்க,
மூட்டை நெல்லு கெடக்கும்."
தையல்நாயகி கொல்லைக்குப் போய்
சேறு சொட்டச் சொட்ட
ஒரு நீர்முள்ளிச் செடியைப் பிடுங்கி வந்தாள்.
"முள்ளுன்னா எங்களுக்கு இதான். கல்லடைப்புக்குக் கேக்கும்."
இல்லை.
இல்லை.
ஒருவர் மட்டும் ஆம் என்றார்; டிவியில்.

கோட்டூர்ப் பக்கம் செல்லக்கனி
படத்தைப் பார்த்ததும் சிரித்துவிட்டாள்.
சாத்தான்குளத்திலிருந்து வாழ்க்கைப்பட்டு வந்தவள்.
"எங்க தேரியில கெடக்கும்லா இது!
தொட்டா பந்தாட்டம் சுருண்டுக்கும்.
எனக்குக் கக்குவான் வந்தப்ப
முள்ளைக் கருக்கித் தேன்ல கொழச்சுக் குடுத்தாவ."
குணமாச்சா?
"இருமல் அதுபாட்டுக்குப் போச்சு.
முள்ளெலியும் போச்சு."
பிறகு குடத்தை இறக்கி வைத்துவிட்டு
வாசலில் காலால் மண்ணைக் கீறிக் காட்டினாள்.
ஒரு விரல் ஆழத்தில் ஈரம்.
"இதுல எங்க போய்ப் படுக்கும், சொல்லுங்க?"

அலுவலகம் கேட்ட கேள்விக்கு
இதைவிட நல்ல பதில் நான் எழுதவில்லை.
தீனி கிடைக்காத மாதங்களை
மண்ணுக்குள் சுருண்டு தூங்கிக் கழிக்கிற பிராணி;
பொலபொலவென்று காய்ந்த மண் அதற்குக் கூரை.
இங்கே மண் தூங்க விடாது.
குறுவைக்கு ஒருமுறை, சம்பாவுக்கு ஒருமுறை
வாய்க்கால் வந்து எழுப்பும்.
நண்டு இருக்கலாம். நத்தை இருக்கலாம்.
நீந்தத் தெரிந்த பாம்பு இருக்கலாம்.

தை பிறந்து இருபது நாள்.
முப்பத்தெட்டாவது ஊரில் அறுவடை மெஷின்.
லாரியிலிருந்து தார்ப்பாயை உதறியபோது
தேங்காய் மாதிரி ஒன்று உருண்டு விழுந்ததாம்.
ராசிபுரத்து டிரைவர் செங்கோடன்
பெயின்ட் வாளிக்குள் வைத்திருந்தார்.
எட்டிப் பார்த்தேன்.
நானூறு வீட்டுக்குக் காட்டிய படம்
மூச்சு விட்டுக்கொண்டிருந்தது.

பேனாவைத் திறந்தேன். மூடினேன்.
இருக்கிறது; வாளியில்.
ஆனால் இருக்கவில்லை.
"என்னங்க யோசனை?"
இது இந்த ஊரா இல்லையா என்று எழுத வேண்டும்.
"அப்ப என்னைய எப்படிங்க எழுதுவீங்க?
வருசத்துல ரெண்டு மாசம் இங்கதான் சோறு, இங்கதான் தூக்கம்.
ரேசன் கார்டு அங்க."
அந்தப் படிவம் மனிதருக்கு இல்லை என்றேன்.
"அதுவும் சரிதானுங்க," என்று
கறையான் புற்று மண்ணைத் தேடிப் போனார்.
கிடைக்க ஒரு மணி நேரம் ஆனது.

கட்டங்களுக்கு வெளியே, ஓரத்தில்,
'வந்தது' என்று எழுதினேன்.
மேலதிகாரி அதை அடித்துவிட்டு
இல்லை என்பதில் ஒரு குறி போட்டார்.
தப்பில்லை. அவர் செய்தது சரி.

மாசி பத்தாம் தேதி இரவு போன் வந்தது.
"எறக்கி விட்டுட்டேனுங்க.
கொஞ்ச நேரம் பந்தாவே கெடந்துச்சு,
அப்புறம் மூக்க நீட்டி, நடந்துருச்சு."
எந்த இடம், என்றேன். பேனா கையில் இருந்தது.
ரோட்டோரம் ஒரு வேலங்காடு என்றார்,
ஊர்ப் பேர் தெரியல, இருட்டு,
காஞ்ச மண்ணுங்க, நல்லாக் காஞ்ச மண்ணு.
பின்னால் லாரி என்ஜின் ஓடிக்கொண்டிருந்தது.