இருநூற்றுப் பதினொரு நாள்

குழித்துறை சார்பு நீதிமன்றத்துக்கு எதிரே
ஜெராக்ஸ் கடை மாடியில் என் கம்ப்யூட்டர்.
தாமத மன்னிப்பு மனுவுக்கென்று
ஒரே ஒரு கோப்பு வைத்திருக்கிறேன்.
பெயர் மாறும், நோய் மாறாது:
மஞ்சள் காமாலை, பச்சிலை வைத்தியம், படுத்த படுக்கை.
விளவங்கோடு தாலுகாவில்
வழக்குள்ள ஆட்கள் எல்லாருக்கும்
ஈரல் ஒருமுறை கெட்டிருக்கிறது.

யேசுவடியாளுக்கும் அதையே அடித்தேன்.
பதினொரு சென்ட் ரப்பர் விளை,
தம்பி பொன்னையன் மேல் வழக்கு.
முன்சீப் கோர்ட்டில் தோற்றாள்.
அப்பீலுக்கு முப்பது நாள்.
வந்தது இருநூற்று நாற்பத்தொன்றாம் நாள்.

வாசித்துக் காட்டினேன்.
"எனக்கு காமாலை வரல்லியே மக்ளே.
சத்தியம் செய்யப்பட்ட தாளு இல்லியா இது?"
பின்னே என்ன வந்தது?
"அவனுக்கு வாதம் வந்தது."

தீர்ப்பான மறுவாரம்
பால் எடுக்கப் போனவன் விளையிலேயே விழுந்தானாம்,
வழக்குப்பட்ட எல்லைக்கல்லுக்குப் பக்கத்தில்.
பெண்டாட்டி குவைத்தில், ஹோம் நர்ஸ்.
களியக்காவிளை தாண்டி மெடிக்கல் காலேஜ்,
ஒன்பதாம் வார்டு. வலப்பக்கம் அசையவில்லை.
கஞ்சி கோரிக் கொடுத்தது இவள்.
பெட்பேன் எடுத்தது இவள்.
"ஒரு கையில கரண்டி,
மத்த கையில கேசுகெட்டா பிடிக்க?"

வக்கீல் ஒயிட்சன் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.
எதிர்க்கட்சிக்கு ஊட்டிவிட்டதால் தாமதம்,
இதற்கு முன்தீர்ப்பு கிடையாது என்றார்.
பிறகு, அடி என்றார்.

எதிருரை வந்தது போன வியாழன்.
மனுவில் கண்ட சங்கதிகள் யாவும் பொய்.
மனுதாரர் எந்த ஆஸ்பத்திரிக்கும் வந்ததில்லை.
ஒவ்வொரு நாள் தாமதத்துக்கும்
தனித்தனியே காரணம் காட்டக் கடமைப்பட்டவர்.

அவள் முகம் பார்க்காமல் வாசித்து முடித்தேன்.
தாளை வாங்கினாள்.
எழுத்தையெல்லாம் விட்டுவிட்டு
கடைசிப் பக்கத்தின் அடிக்குப் போனாள்.
பொன்னையன்.
ஒற்றைக் கொம்பு வளைந்து
கடைசிப் புள்ளிவரை நேராக நின்றது கையெழுத்து.

விரலால் அதன்மேல் போய்வந்தாள்.
"வலத்தே கையில போட்டிருக்கான்" என்றாள்.
"இனி பேனா பிடிக்க மாட்டான்னு
டாக்டர் சொல்லியிருந்தாரு."

அந்தப் பக்கம் மட்டும் ஒரு ஜெராக்ஸ் வேண்டுமென்றாள்.
கீழே கடையில் நல்ல கூட்டம்.
நின்றாள்.