கால்மாட்டில் ஒரு நாற்காலி

யாம்போல் நகரத்தில்
கிளப் கொடுத்த வீட்டைத் திறந்தபோது
கட்டிலின் கால்மாட்டில்
ஏற்கெனவே போட்டிருந்தது
ஒரு சமையலறை நாற்காலி.
கார்னெல் ப்ரூவிட்டுக்குப் புரிந்துவிட்டது:
முன்பு இங்கே தூங்கியவனும்
ஆறடி எட்டங்குலம்.

முப்பத்து மூன்று வயது. ஒன்பது நாடு.
சைப்ரஸில் ஒரு பருவம்,
உருகுவேயில் பாதி,
மீதிப் பாதிக்கான பணம் இன்னும் வழியில் இருக்கிறது.
கொசோவோவில் மின்சாரம் போய்ப்போய் வந்த குளிர்காலம்.
இன்னோர் ஊரின் பெயர் அவன் வாயில் நிற்பதில்லை.
நாற்பத்தொரு புள்ளி எடுத்தது அங்கேதான்.

பைன் பிளஃபில் முடிவெட்டும் கடைக்காரர்
ஒவ்வொரு கோடையிலும் கேட்கிறார்,
'டிவியில் எப்போதப்பா வருவாய்?'
வந்துகொண்டுதான் இருக்கிறான்
ஆர்கன்சாவில் பிடிபடாத அலைவரிசைகளில்.

சட்டை முதுகில் சிரில்லிக்கில் அவன் பெயர்.
ஓர் எழுத்து தவறு என்றாள் மொழிபெயர்ப்பவள்.
எந்த எழுத்தென்று அவன் கேட்டுக்கொள்ளவில்லை.
அறுநூறு பேர் அந்தத் தவறோடேயே கூப்பிட்டார்கள்,
திரும்பிப் பார்த்தான்.

இந்த நாட்டில்
தலையை இடமும் வலமும் ஆட்டினால் ஆமாம்,
மேலும் கீழும் அசைத்தால் இல்லை.
முதல் வாரம்
'முழங்கால் வலிக்கிறதா?' என்றார் பயிற்சியாளர்.
மேலும் கீழும் அசைத்தான்.
இன்னும் இருபது சுற்று ஓடவிட்டார்.

இரவில் அவன் புரண்டால்
நாற்காலி தரையில் கிறீச்சிடும்.
கீழ்வீட்டு பென்சோ
துடைப்பக் கட்டையால் கூரையைத் தட்டுவார்.
இருவருக்கும் இடையே நடந்த பேச்சு அவ்வளவுதான்,
அக்டோபர் முதல்.

டிசம்பரில் கணக்கெழுதும் ஸ்த்ராவ்காவிடம்
சம்பளம் வந்ததா என்று விசாரித்தான்.
புருவம் உயர்த்தி
மேலும் கீழும் தலையசைத்தாள்.
எல்லாம் தெரிந்தும்
ஒரு நொடி
சந்தோஷப்பட்டுவிட்டது கழுத்துக்குக் கீழே உள்ள உடம்பு.

பிப்ரவரி.
ஒரு புள்ளி பின்னால், நான்கு விநாடி மிச்சம்,
கோட்டில் அவனும் இரண்டு ஃப்ரீ த்ரோவும்.
முதலாவது விழுந்தது.
இரண்டாவது
வளையத்தின் உதட்டில் உட்கார்ந்தது,
யோசித்தது,
வெளிப்பக்கமாக இறங்கிப் போனது.
கூடுதல் ஐந்து நிமிடத்தில்
முழங்கால் மட்டும்தான் ஆடியது.

அன்றிரவு விடியும்வரை நாற்காலி கிறீச்சிட்டது.
கீழேயிருந்து தட்டல் இல்லை.
அப்போதுதான் தெரிந்தது,
பென்சோவும் அரங்குக்கு வருகிறவர்.

ஏஜென்ட்டின் செய்தி காலையில்.
'பஹ்ரைன். ஆறு வாரம். டிக்கெட் அவர்கள் செலவு.'
என்ன பதில் என்று
கண்ணாடியைப் பார்த்தான்.
கண்ணாடியில் இருந்தவன் தலை அசைந்தது,
எந்த நாட்டு வழக்கப்படி என்று சொல்லாமல்.

இரண்டு பெட்டி, ஐம்பதாம் அளவுக் காலணி மூன்று ஜோடி.
ஒரு ஜோடி பெட்டிக்குள் அடங்கவில்லை.
பென்சோவின் வாசலில் வைத்தான்.
யாருக்கும் பொருந்தாது,
தெரியும்.

நாற்காலியைச் சமையலறைக்கு எடுத்துப்போய்
ஆறு மாதத்தில் முதல்முறையாக
அதில் உட்கார்ந்தான்.
இரண்டு முட்டை, ஆறிய காபி.
கீழே டாக்ஸி ஹாரன் அடித்தது.
தட்டைக் கழுவிக் கவிழ்த்தான்.

பிறகு நாற்காலியைத் தூக்கிவந்து
கால்மாட்டில் பழைய இடத்தில் வைத்தான்.
கதவுவரை போனவன் திரும்பி
ஒரு சாண் தள்ளிப் போட்டான்.
வருகிறவன்
இன்னும் உயரமாக இருக்கலாம்.