ஞாயிறு, மூன்று முதல் ஐந்து

ஜெனோவாவில் இரண்டு இரவு.
டூரினில், சமையலறை மேசையில்
வரைபடம் விரித்து
சுருளும் மூலைகளில் காபிக் கோப்பைகளை வைத்தேன்.
ஒன்று கடல்மேல் வட்டக் கறை விட்டது.

"கலங்கரை விளக்கம்," என்றார் எத்தோரே.
"எத்தனை படி?" என்றாள் ஜினேவ்ரா,
போனிலிருந்து கண் எடுக்காமல்.
சொன்னார்.
அதோடு அணைந்தது விளக்கு.

அருங்காட்சியகம் தன் பழைய கப்பல்களோடு மூழ்கியது.
மீன் காட்சி சின்னப் பிள்ளைகளுக்காம்.
டிட்சியானோ பதினொன்றுக்கு முன் எழமாட்டான்.
அவன் குறட்டையோடு ஒரே அறையில் படுக்க
இவள் மாட்டாள்.
நால்வரும் தலையாட்டியது ஒன்றுக்குத்தான்:
விறகடுப்பிலிருந்து சுடச்சுட
கடலைமாவு அடை.

பேனா எப்போது அவன் கைக்குப் போனது?
துறைமுகத்துச் சந்துகளைச் சுற்றி வளைத்து
ஓரத்தில் கிறுக்கினான்:
ஞாயிறு, மூன்று முதல் ஐந்து.
நானும் இவளும் மட்டும்.
நீங்கள் எங்காவது போங்கள்.

ஒரே அறையில் தூங்க முடியாதவர்கள்!

எத்தோரே என்னைப் பார்த்தார்.
பதினாறு வருடத் திட்டங்கள் எதிலும்
எங்களுக்கென்று
இரண்டு மணி நேரம் இருந்ததில்லை.
அதை வைத்துக்கொண்டு என்ன செய்வதாம்?

படி ஏறலாம், என்றேன்.