கலம் 11

அரியாங்குப்பம் கொம்யூன் பஞ்சாயத்து,
பிறப்பு இறப்புப் பதிவு. மணி பதினொன்றரை.
எதிரே நாவுக்கரசி, வீராம்பட்டினம், நண்டு வியாபாரம்.
கூடையை வெளியே வைக்கச் சொன்னேன்.
வைக்கவில்லை.

இறந்தவர் பெயர்?
"டாக்டரம்மா."
எந்த ஆஸ்பத்திரி?
"ஊசி போடற டாக்டர் இல்ல சார்.
பழசு படிச்ச டாக்டர்."

மஞ்சள் பையிலிருந்து பாஸ்போர்ட் வந்தது.
மார்ஜரி ஹோல்ராய்ட். 1926. கிரிம்ஸ்பி.
"அதுவும் மீன் ஊருதான். அவங்க அப்பா
ஏலக் கொட்டாயில எடை எழுதறவரு.
உங்க ஊரு நாத்தம் எனக்குப் புதுசில்லம்பாங்க."

வயது எண்பத்து மூன்று.
கணவர் பெயர், ஒரு கோடு.
தொழில்?
பேனா நின்றது.

கலம் என்றால் பானை. கலம் என்றால் கப்பல்.
எங்கள் படிவத்தில் மட்டும் கலம் என்றால் கட்டம்,
அரை அங்குல அகலம்.
கூலி, விவசாயம், மீன்பிடி, அரசுப் பணி,
இதர.

பையில் காகிதங்களும் இருந்தன.
எனக்குப் புரிந்தவரை:
உதவித்தொகையில் லத்தீன், பிறகு கிரேக்கம்,
வடக்கே ஒரு பல்கலையில் விரிவுரை வேலை,
ஈரம் ஏறிய அறை.
அங்கே தபாலில் வந்தது ஒரு புகைப்படம்.
அரிக்கமேட்டில் எடுத்த பானை ஓடு,
கழுத்தில் இரண்டே கீறல்.
ஒரு டி. ஒரு ஒய்.

டைக்கோன் என்று படித்தார்.
கிரேக்க வணிகன் பெயரின் தலை.
வெறும் இரண்டெழுத்துக்கு உடம்பு வளர்த்தார்:
ஒயின் ஜாடிகள், அலெக்சாண்டிரியாவில் கடன்,
எதிர்க்காற்று திரும்பும்வரை
நம் ஆற்றங்கரையில் ஒரு மழைக்காலம்.
ஐம்பத்தேழில் கட்டுரை. கைதட்டல்.
பேராசிரியர் நாற்காலி அநேகமாக அவருக்குத்தான்.

எழுபத்தெட்டில் புதுச்சேரி வந்து
அருங்காட்சியக இழுப்பறையைத் திறந்து
ஓட்டைக் கையில் வாங்கினார், முதல்முறையாக.
விளிம்பு கீழே இருந்தது.
புகைப்படத்தை ஒட்டியவன்
தலைகீழாக ஒட்டியிருக்கிறான்.

திருப்பினார்.
டியும் ஒய்யும் இடம் மாறிப் படுத்து
தமிழாகிவிட்டன:
தன்.

சாத்தனின் வாலா, ஆதனின் வாலா,
அதற்குமேல் உடைந்துவிட்டது.
அல்லது வால் இல்லை, முழுச்சொல்தானோ?
தன் பானை, தன் சோறு,
இரவல் கேட்காதே என்று கீறி வைத்த எவனோ?

திருத்தம் ஒரே பக்கம் எழுதினார்.
"இருபத்தோரு ஆண்டுகள்
பானையைக் கவிழ்த்துப் பிடித்திருந்தேன்."
கீழே கையெழுத்து.
நாற்காலி இன்னொருவருக்குப் போயிற்று.
அவர் ஓய்வுபெறும்வரை
டைக்கோனைப் பாடம் நடத்தினாராம்.

அம்மையார் காக்காயந்தோப்பில் மாடி எடுத்தார்.
முப்பது வருஷம்.
மழை விட்டதும் மேட்டில் குனிந்து நடப்பார்.
பொறுக்கியதைப் பார்த்துவிட்டு
கிடந்த இடத்திலேயே வைப்பார்.

இதற்கு என்ன எழுதுவது?
'இதர' என்று எழுதினேன். நிரம்பிவிட்டது கட்டம்.

"சார், பேருல மொத எழுத்து தப்பு."

பார்த்தேன். கோல்ராய்ட்.

"கேஸ் புக்குல அந்த எடத்துல
யானை தும்பிக்கையச் சுருட்டினாப்ல ஒண்ணு இருக்கும்.
நீங்க வேற ஏதோ போட்டிருக்கீங்க."

படிக்கத் தெரியுமா?

"நேரா வெச்சாத் தெரியாது.
தலைகீழாக் கொஞ்சம் தெரியும்.
அவங்க எழுதிக்கிட்டே இருப்பாங்க,
நான் எதிர்ல ஒக்காந்து நண்டு ஒடைப்பேன்."

சிவப்பு மையில் அடித்தேன்.
ஓரத்தில் சுருக்கொப்பம், தேதி.
பதினெட்டு வருஷ வேலையில்
திருத்தம் எனக்குக் கூசும்.
இன்று கூசவில்லை என்று சொன்னால் பொய்.

சான்று எத்தனை நகல்?
"ஒண்ணு போதும். கேக்க ஆளில்ல."

ரேகைக்காகப் பதிவேட்டை அவள் பக்கம் திருப்பினேன்.
என் பக்கமே திருப்பிவிட்டாள்.
"இப்பிடி இருந்தாத்தான் எனக்கு அவங்க பேரு."

கட்டைவிரல் பதிந்தது, தலைகீழாக,
கொஞ்சம் நண்டு வாசனையோடு.